துண்டு

2000-ல் பாலக்காட்டில் ஒரு தியேட்டரில் ஆபரேட்டருக்குக் கையாளாக இருந்தேன். லீவுக்குப் பொள்ளாச்சி வந்தால் கூட்டாளிகள் கேட்பது ஒன்றுதான்: "என்னப்பா, மலையாளப் படமா ஓட்டறே?" கூடவே ஒரு சிரிப்பு. நம் ஊரில் அந்தச் சொல்லுக்கு அர்த்தமே வேறாகிவிட்டிருந்தது. ஷகீலாவின் 'கின்னாரத்தும்பிகள்' வந்த வருஷம் வேறு. குறை சொல்ல முடியாது, என் சம்பளமும் நூன்ஷோ வசூலில் இருந்துதான் வந்தது.

ஆபரேட்டர் ஏட்டன் (அண்ணனுக்கு அங்கே அந்தப் பெயர்) அந்தக் கேபினுக்குள் பையனாக நுழைந்தபோது ஓடிய படம் 'செம்மீன்'. ஜனாதிபதி தங்கப்பதக்கத்தை முதன்முதலாகத் தென்னிந்தியாவுக்குக் கொண்டுவந்த 1965-ம் வருஷப் படம். கேமரா, நம் 'மாயா பஜார்' எடுத்த அதே மார்க்கஸ் பார்ட்லி. திரையில் அலை எழும்பினால் தரை டிக்கெட்காரர்கள் காலை மடக்கிக்கொள்வார்களாம். ஏட்டன் கொஞ்சம் அளந்துவிடுகிற ஆள்தான். ஆனால் 1978-ல் வந்த 'அவளுடெ ராவுகள்' பற்றி அவர் சொன்னதை நம்புகிறேன். ஏ சர்டிபிகேட்டையும் போஸ்டரையும் பார்த்து விசிலடிக்க வந்த கூட்டம், இயக்குநர் ஐ.வி. சசி காட்டிய அந்தப் பெண்ணின் கஷ்டத்தைப் பார்த்துப் பாதியிலேயே அடங்கிப்போனதாம்.

சரி, என் வேலைக்கு வருகிறேன். சென்சார் பார்க்காமல் படத்துக்கு நடுவே செருகும் ஆபாச பிட் பிலிமுக்கு அங்கே பெயர் 'துண்டு'. டிபன் கேரியரின் அடித்தட்டில் வரும். படச்சுருளைக் கட்டத்தின் கோட்டில் வெட்டி, ஓரத்துப் பூச்சை பிளேடால் சுரண்டி, பிலிம் சிமெண்ட் என்கிற பசையைத் தடவி, அழுத்திப் பத்து எண்ண வேண்டும். ஒரு துளை தள்ளி ஒட்டினாலும் திரையில் காலுக்குக் கீழே தலை வரும். அப்புறம் கேபின் கதவைத் தாழ் போட்டுக்கொள்ள வேண்டியதுதான்.

ஒரு ஞாயிறு, பிலிம் சொசைட்டிக்காரர்கள் காலைக் காட்சிக்கு ஹாலை எடுத்து அடூர் கோபாலகிருஷ்ணனின் கலைப்படமான 'எலிப்பத்தாயம்' போட்டார்கள். நாற்பது பேர் இருந்தால் அதிகம். இருமல் சத்தம்கூட இல்லை. மூன்றாவது வரிசையில் ஜிப்பா போட்ட ஒருவர் இருட்டிலேயே நோட்டில் ஏதோ எழுதிக்கொண்டிருந்தார்.

அவர்கள் இறங்கும் படியிலேயே நூன்ஷோ கூட்டம் ஏறியது. நான் துண்டை ஒட்டி முடித்து, கேபின் ஓட்டை வழியாகப் பார்த்தேன். கடைசி வரிசையில் அதே ஜிப்பா. தலையில் மட்டும் புதிதாக ஒரு துண்டு, நம் ஊர்த் துண்டு. ஏட்டனைக் கூப்பிட்டுக் காட்டினேன்.

ஏட்டன் எட்டிக்கூடப் பார்க்கவில்லை. "நீ போகஸ் நோக்கெடா" என்றார்.