பெரியம்மாவின் கொப்பி

யூன் 3, செவ்வாய்

விடிய ஐந்து மணிக்கு ரொறொன்ரோ மாமா எடுத்தார். "அக்கா மெசஞ்சரில எழுதியிருக்கிறா, 'அவசரமாகப் பணம் தேவை' எண்டு. அவ எந்தக் காலத்தில பணம் எண்டு சொன்னவ? காசு எண்டுதானே கேப்பா!" மாமாவுக்கு அந்த ஒரு சொல் போதுமாயிருந்தது. லண்டன் சித்தி யோசிக்காமல் 200 பவுண் அனுப்பிவிட்டா.

யூன் 4

கொக்குவிலுக்குச் சைக்கிளில் ஓடினேன். பெரியம்மா வாசல்படியில் இருந்து அழுதுகொண்டிருந்தா. "சொந்தபந்தம் எல்லாம் என்னைப் பற்றி என்ன நினைக்கும்?"

பாஸ்வேர்ட் எழுதும் கொப்பியை வாங்கிப் பார்த்தேன். பேஸ்புக், ஜிமெயில், எப்போதோ பேத்திக்குச் சட்டை வாங்கிய ஒன்லைன் கடை: மூன்றுக்கும் ஒரே சொல். எங்கள் விபரம் எந்தத் தளத்திலிருந்து களவுபோனது என்று காட்டும் தளம் ஒன்று இருக்கிறது: இணையப் பாதுகாப்பு நிபுணர் டிரோய் ஹன்ட் 2013இல் தொடங்கிய 'ஹாவ் ஐ பீன் போன்ட்'. அதில் பெரியம்மாவின் ஈமெயில் முகவரியைக் கொடுத்தேன். அந்தக் கடையின் பெயர் வந்தது.

கள்ளர் பெரியம்மாவைத் தேடி வரவில்லை. ஓரிடத்தில் களவுபோன முகவரியையும் பாஸ்வேர்டையும் ஒரு மென்பொருள் மற்றத் தளங்களில் வரிசையாகப் போட்டுப் பார்க்கும். எது திறக்கிறதோ அது அவர்களுக்கு. பழைய களவு என்று விடவும் ஏலாது. லிங்க்ட்இனில் 2012இல் திருடப்பட்ட 11.7 கோடிக் கணக்குகளின் விபரம் 2016இல்தான் விலைக்கு வந்தது.

யூன் 5

பேஸ்புக்கை மீட்க இரண்டு தரம் முயன்று தோற்றபிறகே பிடிபட்டது: ஜிமெயில் இன்னும் கள்ளன் கையில். மற்றக் கணக்குகளை மீட்கும் கடிதம் அங்கேதான் வரும். முதலில் அதன் பாஸ்வேர்டை மாற்றி, தெரியாத போன்களை எல்லாம் வெளியேற்றினேன். செட்டிங்ஸுக்குள் ஒரு ஃபில்டர்! பேஸ்புக் அனுப்பும் கடிதம் அத்தனையும் நேரே குப்பைக்குப் போக வைத்திருக்கிறான். ஒரு எச்சரிக்கையும் பெரியம்மாவின் கண்ணில் படாதது அதனால்தான். பார்த்ததும் கை நடுங்கியது.

யூன் 6

கொப்பியைக் கிழிக்கச் சொன்னான் தம்பி. வேண்டாம் என்றேன். இணையக் கள்ளன் கொக்குவிலில் அலுமாரி திறக்கப்போவதில்லை. ஒவ்வொரு கணக்குக்கும் தொடர்பில்லாத நாலு சொல்லைக் கோர்த்து, வேறு வேறாக எழுதினோம். பாஸ்வேர்டுக்குப் பிறகு இன்னொரு அத்தாட்சியும் கேட்கும் இரண்டு கட்டச் சரிபார்ப்பும் போட்டாச்சு.

யூன் 9, திங்கள்

பின்னேரம் பெரியம்மா எடுத்தா. கூடப் படிப்பித்த ரீச்சரின் வட்ஸ்அப்பிலிருந்து செய்தி: "6 இலக்கம் ஒன்று தவறி உங்களுக்கு வந்திட்டுது, அனுப்பிவிடுங்கோ."

"நான் அனுப்பேல்லை, பிள்ளை. ரீச்சரின்ர வீட்டு நம்பருக்கு எடுத்தன். காலமையில இருந்து வட்ஸ்அப் திறக்குதில்லை எண்டு இருந்தவவாம்."

ரீச்சரின் கணக்கில் இருந்து எழுதியது கள்ளன். அந்த இலக்கத்தை அனுப்பியிருந்தால் பெரியம்மாவின் வட்ஸ்அப்பும் அவன் கைக்குப் போயிருக்கும்.

நாளைக்கு ரீச்சர் வீட்டுக்கு இரண்டு பேருமாகப் போகிறோம்.