நோட்டின் பின்பக்கம்

புரோநோட்டோடு வருகிற கட்சிக்காரரிடம் நான் முதலில் திருப்பிப் பார்ப்பது, கடனாளி கட்டிய வரவை எழுதும் பின்பக்கத்தைத்தான். ஸ்டாம்பு, சாட்சி எல்லாம் அப்புறம். கேட்கும்போது தருவதாக எழுதிய நோட்டுக்கு, 1963ஆம் ஆண்டு காலவரையறைச் சட்டப்படி, வழக்குப் போட எழுதிய தேதியிலிருந்து 3 வருடம்தான் கெடு. "நான் கேட்டதே போன மாசம்தானே சார்" என்பார்கள். கேட்ட தேதிக்கு அங்கே வேலையில்லை.

காவேரிப்பட்டணம் பக்கத்து மாந்தோப்புக்காரர் ஒருவர், குத்தகை எடுத்த வியாபாரிக்குக் கொடுத்த பணத்துக்காக வந்தார். "இந்த சீசன் முடியட்டும்ணா" என்று அவர் சொல்லச் சொல்ல, இவரும் ஒவ்வொரு சீசனாகப் பொறுத்திருக்கிறார். ஊர்ப் பெரியவர்கள் முன்னால் வியாபாரி கடனை ஒப்புக்கொண்டதும் உண்மை. ஆனால் நோட்டின் பின்பக்கம் வெறுமையாக இருந்தது. 3 வருடமும் தாண்டியிருந்தது.

வாய்ச்சொல் எத்தனை பேர் முன்னால் சொன்னாலும் கெடுவை நீட்டாது. கடனாளி கையெழுத்திட்ட எழுத்து ஒப்புதல் வேண்டும். இல்லையென்றால் வட்டியிலோ அசலிலோ கொஞ்சம் கட்டி, அந்த வரவை அவரே கைப்பட எழுதியோ கையெழுத்திட்டோ இருக்க வேண்டும். எதுவானாலும் கெடு முடிவதற்குள் நடந்திருந்தால், அன்றிலிருந்து புதிதாக 3 வருடம் ஓடும். வக்கீல் நோட்டீஸ் ஒரு நாளைக்கூடக் கூட்டித் தராது. அதை நம்பிக் காத்திருந்து பணத்தை விட்டவர்களைப் பார்த்து மனம் நொந்திருக்கிறேன்.

பிரதிவாதி எதிருரையில் காலவரம்பைப் பற்றி ஒரு வரி எழுதாவிட்டாலும், காலவரையறைச் சட்டத்தின் பிரிவு 3இன்படி நீதிபதியே அதைப் பார்த்துத் தள்ளுபடி செய்தாக வேண்டும். மேல்முறையீடு தாமதமானால் பிரிவு 5இல் மன்னிப்பு மனு உண்டு. அசல் வழக்குக்கு அந்தப் பிரிவு பொருந்தாது. உடம்பு முடியவில்லை, மகன் பெங்களூரில் இருந்தான் என்பதெல்லாம் நியாயமான காரணங்கள்தான், ஆனால் உதவாது. கடைசி நாள் மே விடுமுறையில் விழுந்தால் கோர்ட் திறக்கிற அன்று தாக்கல் செய்யலாம்.

பிராதை, அதாவது வாதியின் வழக்கு மனுவை, படித்த மாத்திரத்தில் காலம் கடந்தது தெரிந்தால், உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் ஆணை 7 விதி 11இல் தொடக்கத்திலேயே நிராகரிப்பார்கள். வரவில் இருப்பது தன் கையெழுத்தே இல்லை என்று பிரதிவாதி மறுத்தால், சாட்சி விசாரணை இல்லாமல் தீராது. நிரூபிக்கும் பாரம் வாதிக்கு. வெவ்வேறு வருடத்து வரவுகள் ஒரே பேனாவில், ஒரே மூச்சில் எழுதியதுபோல் இருந்தால் குறுக்கு விசாரணையில் அவர் பாடு திண்டாட்டம்தான்.

இந்தச் சட்டத்தின் மேல் எனக்குக் கோபமில்லை. இறந்தவரின் பிள்ளைகளிடம் இருபது வருடத்துப் பழைய நோட்டை நீட்டி மிரட்டுவதைத் தடுப்பதும் இதுதான். காலம் கடந்தால் வழக்குப் போடும் வழிதான் அடைபடுகிறது, கடன் அழிவதில்லை. அதனால்தான் ஒப்பந்தச் சட்டம் பிரிவு 25(3), காலம் கடந்த கடனைத் தருவதாகக் கடனாளி புதிதாக எழுதிக் கையெழுத்திட்டால் அதைச் செல்லும் என்கிறது. மாந்தோப்புக்காரரை அந்தப் பெரியவர்களோடு வியாபாரி வீட்டுக்குப் போகச் சொன்னேன். தொகையைக் கொஞ்சம் குறைத்துப் புது நோட்டு எழுதிக்கொடுத்தார், இவரும் வாங்கிக்கொண்டார்.