கர்தினாலுக்குப் படியளந்தது யார்?

பாரிஸில் தமிழ்க் குழுக்களுக்கு வழிகாட்டியாக வேலை பார்க்கிறேன். சொந்த ஊர் புதுச்சேரி. ஈஃபில் கோபுரத்தடியில் கேள்வி எதுவும் வராது, படம் எடுக்கவே நேரம் போதாது. கேள்வி வருவது லூவர் அருங்காட்சியகத்தில், பிலிப் த ஷம்பேன் வரைந்த ரிஷ்லியூ ஓவியத்தின் முன்னால்தான். ரிஷ்லியூ 17-ஆம் நூற்றாண்டில் பதிமூன்றாம் லூயி அரசரின் தலைமை அமைச்சர். கூடவே கர்தினால், அதாவது கத்தோலிக்கத் திருச்சபையில் போப்புக்கு அடுத்த நிலைப் பெரியவர். சிவப்புப் பட்டு அங்கி தரையில் புரள, நிமிர்ந்து நிற்கிறார் மனிதர். அந்தக் காலத்தில் திருச்சபைப் பெரியவர்களை நாற்காலியில் உட்காரவைத்து வரைவதுதான் வழக்கம். நின்ற கோலம் அரசர்களுக்கு உரியது. இதை நான் சொல்லி முடிப்பதற்குள் யாராவது கேட்டுவிடுவார்கள்: "தம்பி, சாமியாருக்கு எதுக்கு மந்திரி வேலை?"

வருவாய்த் துறையில் ஓய்வு பெற்ற ஒருவர் மட்டும் வேறு மாதிரி கேட்டார். "அது கிடக்கட்டும். அவருக்குச் சம்பளம் யார் கொடுத்தாங்க?" அந்தக் கேள்வியை நான் பிடித்துக்கொண்டேன். இப்போதெல்லாம் கதையை அங்கிருந்துதான் ஆரம்பிக்கிறேன்.

முதலாம் பிரான்சுவா அரசரும் போப் பத்தாம் லியோவும் பொலோஞா நகரில் பேசி, 1516-இல் ஓர் உடன்படிக்கை செய்துகொண்டார்கள். அதன்படி பிரான்ஸில் ஆயர்களையும் (பிஷப்புகளையும்) பெரிய மடங்களின் தலைவர்களையும் அரசரே முன்மொழியலாம், போப் ஒப்புதல் தருவார். மடத்துப் பக்கம் தலைவைத்துப் படுக்காதவர்கூட அதன் தலைவராகி வருமானத்தை வாங்கிக்கொள்ள முடிந்தது. க்ளூனி, சித்தோ போன்ற பெரிய மடங்கள் ரிஷ்லியூ கையில் இருந்தன. அரசருக்கு இது எவ்வளவு வசதி பாருங்கள். விசுவாசமான ஊழியருக்கு அள்ளிக் கொடுக்கலாம், கஜானாவிலிருந்து ஒரு காசு போகாது.

ரிஷ்லியூ ஆயரானதே குடும்ப வரும்படிக்காகத்தான். லூசோன் மறைமாவட்டம், அதாவது ஓர் ஆயரின் ஆளுகைப் பகுதி, அவர்கள் வீட்டுக்கு அரசர் கொடுத்த சலுகை. அண்ணன் அல்போன்ஸ் ஆயராக வேண்டியது. அவரோ துறவு மடத்தில் சேர்ந்துவிட்டார். வாள் வித்தையும் குதிரையேற்றமும் பழகிக்கொண்டிருந்த தம்பியைக் கூப்பிட்டு உட்காரவைத்தார்கள். வயது போதவில்லை. ரோமுக்குப் போய் விலக்கு வாங்கி, 1607-இல் 21 வயதில் ஆயரானார். பிரான்ஸிலேயே சேறும் சகதியுமான மறைமாவட்டம் தன்னுடையதுதான் என்று கடிதத்தில் நொந்துகொண்டார். ஆனாலும் அங்கேயே போய்த் தங்கி வேலை பார்த்தார். அப்போது பல ஆயர்கள் அதைக்கூடச் செய்யவில்லை.

சம்பளம் ஒரு பக்கம். இன்னொரு பக்கம் கர்தினால் பதவிக்கு அடையாளமான அந்தச் சிவப்புத் தொப்பி. சாதாரண வீட்டுப் பையன் மந்திரியானால் கோமகன்கள் மதிக்க மாட்டார்கள், பெரிய கோமகனை மந்திரியாக்கினால் அவர் அரசருக்கே போட்டியாக வருவார். கர்தினாலோ வரிசையில் கோமகன்களுக்கு முன்னால் நிற்பவர், சட்டப்படி வாரிசும் இருக்காது. கணக்கு சரியாக வருகிறது. பிள்ளைகள்தான் இல்லையே தவிர, உறவுக்காரப் பெண்களுக்குக் குறைவில்லை. ரிஷ்லியூ வீட்டுப் பெண்ணை 1641-இலும், அவருக்குப் பின் தலைமை அமைச்சராக வந்த கர்தினால் மஸரான் வீட்டுப் பெண்ணை 1654-இலும் அரச வம்சத்து இளவரசர்கள் மணந்தார்கள்.

லக்சம்பர்க் தோட்டத்தில் எனக்குக் கொஞ்சம் கூடுதல் நேரம் வேண்டும். லா ஷப்பேல் உணவகத்தில் ஒரு மணிக்குச் சாப்பாடு சொல்லியிருப்போம், பேருந்து ஓட்டுநர் கடிகாரத்தைப் பார்ப்பார். இருந்தாலும் இந்த இடத்தில் நான் அவசரப்படுவதில்லை. இன்று செனட் சபை கூடும் அந்த மாளிகையைக் கட்டியவர் மரீ த மெடிசி, பதிமூன்றாம் லூயியின் தாய். ரிஷ்லியூவை அரண்மனைக்குள் கொண்டுவந்து வளர்த்துவிட்டவரும் அவர்தான். பிறகு, தான் வளர்த்த ஆளே தன்னை மிஞ்சியதைத் தாங்க முடியாமல், அவரை வெளியேற்றியே தீர வேண்டும் என்று ஒற்றைக்காலில் நின்றார். 1630 நவம்பர் 10 அன்று தாயும் மகனும் கதவுகளைச் சாத்திக்கொண்டு இதைப் பேசிக்கொண்டிருந்தார்கள். சிற்றாலயத்துப் பக்கக் கதவுக்கு மட்டும் தாழ் போடவில்லை. அதன் வழியாக உள்ளே வந்து நின்றார் ரிஷ்லியூ. ராஜமாதா கத்தித் தீர்த்தார். கர்தினால் மண்டியிட்டு அழுதார். அரசர் இருவருக்கும் பிடி கொடுக்காமல் கிளம்பிப் போய்விட்டார்.

அன்று மாலை ராஜமாதாவுக்கு வாழ்த்துச் சொல்ல அரண்மனைவாசிகள் முண்டியடித்தார்கள். ரிஷ்லியூ மூட்டை கட்டத் தயாராக இருந்தார். மறுநாள் வெர்சாய், அப்போது அது சின்ன வேட்டை வீடு. அரசர் கர்தினாலை அங்கே அழைத்து, வேலையைத் தொடரச் சொன்னார். வாழ்த்தியவர்கள் முகத்தில் ஈயாடவில்லை. ராஜமாதா அடுத்த ஆண்டு நாட்டை விட்டே ஓடினார். 1642-இல் கொலோன் நகரில் இறக்கும்வரை திரும்பவில்லை.

கதைகளிலும் படங்களிலும் அரசர் பொம்மை, கர்தினால் கயிறு இழுப்பவர் என்று பார்த்துப் பழகிவிட்டோம். என்னால் அதை ஏற்க முடியவில்லை. ஒரு ராத்திரி அரசர் மனம் வேறு பக்கம் சாய்ந்திருந்தால் ரிஷ்லியூ கதை அங்கேயே முடிந்திருக்கும். அது அவருக்குத் தெரியும். அதனால்தான் முக்கியமான விஷயங்களில் இதைச் செய்தால் இந்த லாபம், அதைச் செய்தால் அந்த ஆபத்து என்று இரண்டு பக்கமும் எழுதி அரசரின் முடிவுக்கு வைப்பார். அரசரும் ஓரத்தில் பதில் எழுதி அனுப்புவார். அந்த வருவாய்த் துறைக்காரர் இதைக் கேட்டுச் சிரித்துவிட்டார். "நானும் முப்பது வருஷம் கோப்பில் குறிப்பு இப்படித்தான் எழுதினேன். எது வேணும்னு எழுத மாட்டோம். ஆனா படிக்கிறவர் அங்கதான் போய் நிப்பார்!"

மஸரானைப் பற்றி ஆற்றங்கரையில், இன்று பிரெஞ்சு அகாதெமி இருக்கும் குவிமாடத்தின் எதிரே சொல்வேன். அவர் விட்டுச்சென்ற பணத்தில் கட்டிய கல்லூரி அது. பிறப்பால் இத்தாலியர், கர்தினால் பட்டம் உண்டு, குருப்பட்டம் கிடையாது. சுமார் 3.5 கோடி லீவ்ர் (அன்றைய பிரெஞ்சுப் பணம்) சேர்த்தார். அந்தச் சொத்துக் கணக்கைப் பார்த்துக்கொண்டவர் கொல்பேர். மஸரான் 1661 மார்ச் 9-இல் இறந்தார். இனி தலைமை அமைச்சர் வேண்டாம், நானே பார்த்துக்கொள்கிறேன் என்று மறுநாளே சொல்லிவிட்டார் பதினான்காம் லூயி. ஆனால் கொல்பேரைத் தன்னோடு வைத்துக்கொண்டார். அந்தக் கொல்பேர் 1664-இல் தொடங்கிய கிழக்கிந்தியக் கம்பெனிதான் 1674-இல் புதுச்சேரியில் கால் வைத்தது. எங்கள் ஊர்க்காரர்கள் குழுவில் இருந்தால் இந்த இடத்தில் ஒரு 'ஓ' வரும்.

எனக்குப் பிடித்தவர் இன்னொரு கர்தினால், ஃப்ளரி. அவரை யாரும் கேட்பதில்லை, அதனால் பேருந்தில் ஒலிபெருக்கியில் நானாகவே சொல்லிவிடுவேன். பதினைந்தாம் லூயிக்குச் சிறுவயதில் பாடம் சொன்ன வாத்தியார். 1725-இல் அரசரின் ஆலோசனையிலிருந்து தன்னைச் சிலர் ஒதுக்கப் பார்த்தபோது அவர் சண்டை போடவில்லை. பாரிஸுக்குப் பக்கத்தில் இஸ்ஸி என்ற ஊருக்குப் போய் உட்கார்ந்துகொண்டார். வாத்தியார் இல்லாமல் பையனுக்கு இருப்புக் கொள்ளவில்லை, திரும்ப அழைத்துக்கொண்டார். அடுத்த ஆண்டே ஆட்சி முழுக்க அவர் கைக்கு வந்தது. அப்போது அவர் 73 வயதைத் தொட்டுக்கொண்டிருந்தார். முதல் மந்திரி என்ற பட்டத்தைக்கூட எடுத்துக்கொள்ளவில்லை. எங்கள் காரைக்கால் பிரெஞ்சுக்காரர் கைக்கு வந்தது இவர் காலத்தில், 1739-இல். வண்டியில் இருப்பவர்களில் பாதிப் பேர் ஓய்வூதியம் வாங்குகிறவர்கள், வயதைக் கேட்டதும் நிமிர்ந்து உட்காருவார்கள். "எத்தனை வருஷம் தாக்குப்பிடிச்சார்?" என்று பின் இருக்கையிலிருந்து குரல் வரும். பதினாறு ஆண்டுகளுக்கு மேல். 1743 ஜனவரியில் 89 வயதில் சாகும்வரை அவரை யாராலும் அசைக்க முடியவில்லை. அதன்பிறகு பதினைந்தாம் லூயியும், கொள்ளுத்தாத்தாவைப் போலவே, தலைமை அமைச்சர் வேண்டாம் என்று சொல்லிவிட்டார்.