சிதாயம் பசங்க

9 ஜூலை 2022, சனி
ரீல்ஸில் பார்த்த 'சிதாயம் ஃபேஷன் வீக்' என்ற தெரு ஃபேஷன் நடையை நேரில் பார்த்துவிடலாம் என்று மத்திய ஜகார்த்தாவின் டுக்கு அதாஸ் பகுதிக்குப் போனேன். சுதிர்மான் ரயில் நிலையத்தை விட்டு வெளியே வந்தாலே கூட்டம். சிதாயம், போஜோங் கெடே, டெப்போக் என்று ஜகார்த்தாவின் புறநகர்ப் பசங்க; பதினைந்து, பதினாறு வயது இருக்கும். ஜீப்ரா கிராசிங்கில் ஒருத்தன் முழங்கால் வரை தொங்கும் கோட்டும் கறுப்புக் கண்ணாடியுமாக நடக்கிறான், நடுவில் நின்று திரும்பிப் பார்க்கிறான். எதிர்ப்பக்கம் சேர்ந்ததும் கோட்டைக் கழற்றி நண்பனிடம் கொடுக்கிறான். அடுத்த நடை நண்பனுடையது, கோட்டு அதேதான்.

17 ஜூலை, ஞாயிறு
டிக்டாக்காரர்கள் மைக்கை நீட்டிக் கேட்கும் கேள்வி: போட்டிருப்பது எல்லாம் சேர்த்து எவ்வளவு? ஒரு பெண் தொப்பி முதல் ஷூ வரை விலை சொல்லி விரல்விட்டுக் கூட்டினாள். கூச்சமே இல்லை, மலிவாக முடித்ததுதான் பெருமை. ஜாக்கெட், செனென் சந்தையின் பழைய துணிக் குவியலில் பொறுக்கியதாம். ரயில் கட்டணமும் முதல் 25 கி.மீ.க்கு 3,000 ருப்பியா, அப்புறம் ஒவ்வொரு 10 கி.மீ.க்கும் 1,000. மாலில் ஒரு காபி குடிக்கிற காசில் வந்து திரும்பிவிடலாம். இந்த ஊரில் செலவில்லாமல் நாலு பேர் கூடி உட்கார இடம் கிடைப்பது குதிரைக் கொம்பு. எனக்கு ஃபேஷனைவிட இதுதான் பெரிய விஷயமாகப் படுகிறது.

21 ஜூலை, வியாழன்
ஜகார்த்தா ஆளுநர் அனீஸ் பஸ்வேடனும் அந்த ஜீப்ரா கிராசிங்கில் நடந்துவிட்டார். மாடல்கள், நடிகர்கள் எல்லாம் வரத் தொடங்கியாயிற்று. இனி என்ன, கெட்டது போங்கள்.

25 ஜூலை, திங்கள்
நினைத்தது சரி. 'சிதாயம் ஃபேஷன் வீக்' என்ற பெயரை வணிக முத்திரையாகப் பதிவு செய்ய நடிகர் பாயிம் வோங்கின் நிறுவனம் விண்ணப்பித்திருக்கிறது. நல்ல எண்ணத்தில்தான் என்கிறார். இருக்கட்டும், ஆனால் கோட்டு இரவல் வாங்கி நடந்தவனிடம் யாராவது ஒரு வார்த்தை கேட்டார்களா? மேற்கு ஜாவா ஆளுநர் ரிட்வான் காமில் விண்ணப்பத்தை விலக்கிக்கொள்ளச் சொல்லி இன்ஸ்டாகிராமில் எழுதியிருக்கிறார். சிதாயம் அவருடைய மாகாணம்தானே.

29 ஜூலை, வெள்ளி
விண்ணப்பம் வாபஸ். ஆனால் நெரிசல் என்று போலீஸ் நிற்கிறது. கூட்டத்தை வேறு இடத்துக்கு மாற்றும் பேச்சும் ஓடுகிறது. சைக்கிள்காரரிடம் ஐஸ் காபி வாங்கிக்கொண்டிருந்த ஒருவனிடம், வேறெங்காவது நல்ல மேடை போட்டுக் கொடுத்தால் போவாயா என்று கேட்டேன்.

"ஸ்டேஷன் பக்கத்திலா?" என்றான்.