ஹிப்பியாஸின் வளைகோடு

எந்தக் கோணத்தையும் அளவு குறிக்காத அளவுகோல், காம்பஸ் மட்டும் வைத்துப் பாதியாக வெட்டிவிடலாம், ஆனால் மூன்றாக வெட்டப் பொதுவான வழியே கிடையாது, 1837-இல் பிரெஞ்சுக் கணிதவியலாளர் வான்ட்செல் நிரூபித்துவிட்டார். அதற்கு எவ்வளவோ முன்பு, கி.மு. 5ஆம் நூற்றாண்டிலேயே, எலிஸ் ஊர்க்காரர் ஹிப்பியாஸ் இதற்கு ஒரு வளைகோட்டைக் கண்டுபிடித்திருந்தார். குவாட்ராட்ரிக்ஸ். எனக்கு இதைவிடப் பிடித்த கோடு கிடையாது.

ஒரு சதுரம் போடுங்கள். மேல் பக்கம் படுத்த வாக்கிலேயே சீராகக் கீழே இறங்குகிறது, அதே நேரத்தில் இடது பக்கம் கீழ் மூலையை ஊன்றிக்கொண்டு கடிகார முள் மாதிரி சீராகச் சாய்கிறது, இரண்டும் ஒரே நொடியில் அடிக்கோட்டுக்கு வந்து சேர வேண்டும். வழிநெடுக இரண்டும் வெட்டிக்கொள்ளும் புள்ளிகள்தான் அந்த வளைகோடு. உயரமும் கோணமும் ஒரே விகிதத்தில் குறைவதால், உயரத்தை மூன்றாகப் பிரித்தால் கோணமும் மூன்றாகப் பிரிந்துவிடும். ஐந்து, ஏழு என்றாலும் சரி.

அப்புறம் டைனோஸ்ட்ராடஸ் என்ற கிரேக்கர் இதை வைத்து வட்டத்தைச் சதுரமாக்கினார், அதாவது வட்டத்தின் அதே பரப்புள்ள சதுரத்தை வரைந்தார், ஏனென்றால் கோடு அடியில் போய் முடியும் இடம் ஊன்றிய மூலையிலிருந்து பக்கத்தின் 0.637 பங்கு, அதாவது இரண்டை 'பை'யால் வகுத்தது. பிற்காலத்துக் கிரேக்கக் கணிதவியலாளர் ஸ்போரஸ் விடவில்லை. இரண்டும் ஒன்றாக வந்து சேர வேகத்தை எப்படி அமைப்பது, அதற்கே சாயும் பக்கத்தின் நுனி வரையும் வட்ட வில்லின் நீளம் தெரிய வேண்டாமா? கடைசியில் இரண்டும் ஒன்றின் மேல் ஒன்று படிந்துவிட்டால் வெட்டும் புள்ளி ஏது? அலெக்சாந்திரியாவின் கணிதவியலாளர் பாப்பஸ் இதையெல்லாம் எழுதிவைத்திருக்கிறார். நியாயமான கேள்விகள். இரண்டாவதற்குப் பதில் சொல்ல 'எல்லை' (limit, ஒரு மதிப்பை நெருங்கிக்கொண்டே போவது) என்ற கருத்து வேண்டும், அது முறையாக வந்தது 19ஆம் நூற்றாண்டில்!