கறுத்துப்போன முகம்
சீன நிகழ்த்துகலைஞர் ஜாங் ஹுவானின் ‘குடும்ப மரம்’ என்ற படைப்பின் 9 ஒளிப்படங்களை நேற்றிரவு மீண்டும் வரிசையாகப் பார்த்துக்கொண்டிருந்தேன். 1998-இல் நியூயார்க்கில் குடியேறிய அவர், சில ஆண்டுகளுக்குள், எழுத்துக்கலை அறிந்த மூவரை அழைத்து, காலை முதல் இருட்டும்வரை தம் முகத்தின் மீதே மையால் எழுதிக்கொண்டிருக்கச் செய்தார். மலையையே பெயர்க்கத் துணிந்த முதியவரின் பழங்கதைத் தலைப்பு நெற்றியில் தெரிகிறது. மற்ற இடங்களில், நம்மூர் மச்ச பலனைப் போலவே, கண், மூக்கு, கன்னத்தைக் கொண்டு ஒருவருடைய செல்வத்தையும் நோயையும் சொல்லும் அங்கக் குறிகள் நிறைகின்றன.

தன்னைப் பற்றிய விவரம் கூடக்கூட ஆள் துலங்கத்தானே வேண்டும்? இங்கே நேர்மாறாக, எழுத்தின் மேல் எழுத்து ஏறி, கடைசிப் படத்தில் ஓர் எழுத்தையும் படிக்க முடியாத கருமைதான் எஞ்சுகிறது.

1994-இல் பெய்ஜிங்கின் பொதுக் கழிப்பறையொன்றில், உடலெங்கும் தேனும் மீன் எண்ணெயும் பூசி, ஈக்கள் மொய்க்க ஒரு மணி நேரம் அசையாமல் அமர்ந்தவரும் இவரே. பலரும் அதையே வியந்து பேசுகிறார்கள். எனக்கோ, வலியேதும் இல்லாத இந்த முகமே அதைவிடக் கலக்கம் தருகிறது. அந்தக் கருமைக்குள்ளிருந்து கண்கள் மட்டும் இன்னும் நேராகப் பார்த்துக்கொண்டிருக்கின்றன.