வற்றாப்பளைக்குப் போகும் வழியில் முள்ளிவாய்க்கால்

வற்றாப்பளைக் கண்ணகை அம்மனுக்கு வைகாசிப் பொங்கல் திங்கட்கிழமையில்தான் நடக்கும். வைகாசி விசாகத்தை ஒட்டி வருகிற திங்கள். 2009 இல் முள்ளிவாய்க்காலில் இறந்தவர்களை நினைவுகூரும் மே 18 அப்படியல்ல. அது ஆங்கிலத் திகதி, கிழமை பார்க்காது. அதனால் சில வருடங்களில் இரண்டுக்கும் நடுவில் இரண்டு மூன்று கிழமை இருக்கும், சில வருடங்களில் அடுத்தடுத்து வந்துவிடும். நாங்கள் போன முறை சனிக்கிழமை முள்ளிவாய்க்கால், ஞாயிறு முள்ளியவளை காட்டா விநாயகர் பொங்கல், திங்கள் வற்றாப்பளை என்று வரிசையாக அமைந்தது. "ஒரே அலைச்சலில எல்லாம் முடியும்" என்று பெரியம்மா முதலே கணக்குப் போட்டு வைத்திருந்தார். முழங்கால் நோவோடு இருப்பவர். முள்ளியவளையில் தங்குவதற்குச் சொந்தக்காரர் வீடு இருந்ததால் சரி என்று வெளிக்கிட்டோம்.

யாழ்ப்பாணத்திலிருந்து போகிறவர்களுக்கு இரண்டு பாதை. ஒன்று, ஏ9 வீதியில் மாங்குளம் வரை போய், அங்கே திரும்பி ஒட்டுசுட்டான் வழியாக முள்ளியவளை. மற்றது, பரந்தனில் திரும்பி விசுவமடு, உடையார்கட்டு, புதுக்குடியிருப்பு, முள்ளிவாய்க்கால், வட்டுவாகல் பாலம் கடந்து முல்லைத்தீவு. சனங்கள் கடைசியாக இடம்பெயர்ந்து போன பாதை இந்த இரண்டாவதுதான். பெரியம்மா அதில்தான் போகவேண்டும் என்றார். அவருக்கு அந்தப் பாதையில் கோயில்களின் பெயர் போலவே தறப்பாள் கொட்டில் போட்ட இடங்களும் மனப்பாடம். இங்கே மாட்டை அவிழ்த்து விட்டோம், இங்கே உழவு இயந்திரப் பெட்டி கவிழ்ந்தது, இந்தக் கிணற்றில் தண்ணீர் அள்ளினோம். 2009 ஜனவரியில் அரசாங்கம் முதலாவது பாதுகாப்பு வலயத்தை அறிவித்தது உடையார்கட்டு, சுதந்திரபுரம் பக்கத்தில். அங்கேயும் ஷெல் விழுந்தது. பெப்ரவரி 12 அன்று அடுத்த வலயம், புதுமாத்தளன் கடற்கரையோரம். மே மாதம் அதுவும் சுருங்கி முள்ளிவாய்க்காலில் ஒரு துண்டு நிலமாக முடிந்தது. ஒரு பக்கம் கடல், மறுபக்கம் நந்திக்கடல்.

புதுக்குடியிருப்பைத் தாண்டும்போது படையினரின் வெற்றிச் சின்னம் ஒன்று உண்டு, துப்பாக்கி ஏந்திய படைவீரன் சிலை. தெற்கிலிருந்து வருகிறவர்கள் இறங்கிப் படம் எடுப்பார்கள். எனக்கு அதைப் பார்க்கிற ஒவ்வொரு முறையும் கோபத்தோடு இன்னொன்றும் தோன்றும். அந்தப் பக்கத்துப் பிள்ளைகளின் தாய்மாரும் சிங்களத்தில் பத்தினி தெய்யோ என்று கும்பிடுவது இதே கண்ணகையைத்தான். அவர்களின் பிள்ளைகளுக்கு அரசாங்கம் நினைவுச் சின்னம் கட்டிப் பெயர்களைக் கல்லில் பொறித்திருக்கிறது. இந்த மண்ணில் செத்தவர்களுக்குப் பெயர்ப் பட்டியல்கூட இல்லை. ஐ.நா. செயலாளர் நாயகம் அமைத்த நிபுணர் குழு 2011 இல் நாற்பதாயிரம் வரை பொதுமக்கள் இறந்திருக்கலாம் என்றது. அப்போது மன்னார் ஆயராக இருந்த இராயப்பு யோசேப்பு ஆண்டகை, அரசாங்கத்தின் சொந்தப் புள்ளிவிவரங்களில் வன்னியில் இருந்தவர்களின் தொகையிலிருந்து வெளியே வந்தவர்களின் தொகையைக் கழித்துப் பார்த்து, 1,46,679 பேருக்கு என்ன நடந்தது என்று கேட்டார். 2021 இல் அவர் காலமாகும் வரை அதற்குப் பதில் வரவில்லை.

முள்ளிவாய்க்கால் முற்றத்தில் சனம் காலையிலேயே சேர்ந்துவிட்டது. பஸ் பிடித்து வந்தவர்கள், லாண்ட்மாஸ்டரில் வந்தவர்கள், வெள்ளை அங்கியில் குருமார், காவிக் கட்டில் சாமியார். வாசலுக்கு வெளியே வீதியோரத்தில் கஞ்சி காய்ச்சினார்கள். மே 12 இல் தொடங்கி 18 வரை வடக்குக் கிழக்கில் ஊர் ஊராக இந்தக் கஞ்சி காய்ச்சுவது இப்போது வழக்கமாகிவிட்டது. அரிசி, தண்ணீர், உப்பு, அவ்வளவுதான். தேங்காய்ப்பால் விடுவதில்லை, பயறு போடுவதில்லை. ருசியாக வந்துவிட்டால் அது அந்தக் கஞ்சி இல்லை. அன்றைக்கு அதை வாங்க வரிசையில் நின்ற பிள்ளைகள் மேலேயும் ஷெல் விழுந்ததால்தான், சிரட்டையில் வாங்கிக் குடிக்கும்போது பலருக்குத் தொண்டையில் இறங்குவதில்லை. 2024 இல் சம்பூரில் இந்தக் கஞ்சியைக் காய்ச்சியதற்காகப் பெண்களை இரவில் வந்து பிடித்துக்கொண்டு போனார்கள். அரிசியும் உப்பும் சட்டத்துக்குப் பயங்கரமாகத் தெரிகிற நாடு இது.

அகவணக்கம் முடிந்து பொதுச்சுடர் ஏற்றியதும், வரிசையாக நட்டு வைத்த சுடர்களை ஆளுக்கொருவராக ஏற்றினார்கள். அதுவரை வாய்விட்டு அழாமல் நின்றவர்கள் அப்போதுதான் மண்ணில் விழுந்து புரண்டார்கள். தங்கள் ஆள் விழுந்த இடம் இதுதான் என்று தெரிந்தவர்கள் கொஞ்சப்பேர். மற்றவர்களுக்கு அந்த முற்றம் முழுவதும் கல்லறை. ஒரு தாய் வாழையிலையில் மகனுக்குப் பிடித்த பலகாரங்களைப் படைத்து, பக்கத்தில் படத்தை நிமிர்த்தி வைத்திருந்தார். இன்னொருவர் படம் இல்லாமல் அடையாள அட்டையின் போட்டோப் பிரதியை வைத்திருந்தார்.

பெரியம்மா இரண்டு சுடர் ஏற்றினார். ஒன்று பக்கத்து வீட்டுக் குடும்பத்துக்கு, பங்கருக்குள்ளேயே எல்லாரும் போனவர்கள். மற்றது பெரியப்பாவுக்கு, வலைஞர்மடத்தில் காயப்பட்டு இறந்தவர். அவருடைய மகனுக்கு, என் அண்ணாவுக்கு, ஏற்றவில்லை. பக்கத்தில் நின்ற பெண் ஒருவர் தெரியாமல், "மகனுக்கும் ஒண்டு கொளுத்துங்கோவன் அம்மா" என்று நெருப்புப்பெட்டியை நீட்டிவிட்டார்.

"அவனுக்கு ஏன்? அவன் வட்டுவாகலில பஸ்ஸில ஏறினவன். நான் பார்த்துக்கொண்டு நிண்டனான்" என்றார் பெரியம்மா. கோபமில்லை, சாதாரணமாகத்தான் சொன்னார்.

2009 மே 18 அன்று வட்டுவாகலில் சரணடைந்தவர்களை ஏற்றிக்கொண்டு போன பஸ்கள் பற்றி வன்னியில் அறியாதவர் இல்லை. யாழ்ப்பாணம் புனித பத்திரிசியார் கல்லூரியின் முன்னாள் அதிபர் பிரான்சிஸ் ஜோசப் அடிகளாரும் அப்படி ஏறியவர்தான். ஏறியவர்கள் திரும்பவில்லை. பிறகு வந்த வருடங்களில் மரணச் சான்றிதழ் எடுக்கலாம் என்றார்கள், அப்புறம் காணாமற்போனமைக்கான சான்றிதழ் என்றார்கள். பெரியம்மா இரண்டையும் வாங்கவில்லை. அண்ணாவுக்காக வீட்டில் ஒரு விளக்கும் தனியாக வைப்பதில்லை, மாலை போட்ட படமும் இல்லை. படம் இருக்கிறது, மாலை இல்லை.

நவம்பரிலும் இதே சிக்கல் பல வீடுகளில் உண்டு. போர் முடிந்ததும் போராளிகளைப் புதைத்த துயிலும் இல்லங்களை இடித்து மட்டமாக்கினார்கள், சிலவற்றின் மேல் முகாமே அமைத்தார்கள். இருந்தும் ஒவ்வொரு கார்த்திகையிலும் சனங்கள் பற்றையை வெட்டி, உடைந்த கற்களைப் பொறுக்கிக் குவித்து, மாவீரர் நாளான 27 ஆம் திகதி மாலை 6.05க்குச் சுடர் ஏற்றுகிறார்கள். புதைத்த இடம் தெரிந்த தாய் அந்த இடத்துக்குப் போவாள். பஸ்ஸில் ஏற்றிவிட்ட தாய் எங்கே போவாள்? அவளை முற்றத்துக்கு அழைத்தால், முதலில் பிள்ளை இல்லை என்று ஒப்புக்கொள் என்று கேட்பது போலாகிவிடுகிறது. ஏற்பாடு செய்கிறவர்களில் பிழை இல்லை, சுடரின் இயல்பு அது.

ஞாயிற்றுக்கிழமை முள்ளியவளை வேறொரு உலகம். காட்டா விநாயகர் கோயிலில் கூட்டம் நெரிந்தது. பாக்குத்தெண்டலோடு தொடங்கும் பொங்கல் சடங்கில், முந்தின கிழமையே முல்லைத்தீவுக் கடலில், சிலாவத்தைத் தீர்த்தக்கரையில், தீர்த்தம் எடுத்து வந்து இங்கே வைத்து, அந்த உப்புநீரில் திரியிட்டு விளக்கெரிப்பார்கள். எண்ணெய் கிடையாது. எப்படி எரிகிறது என்று ஆராய நான் போகவில்லை. எரிகிற விளக்கைப் பார்க்கத்தான் போனேன், பார்த்தேன். அன்றிரவு இங்கே பொங்கல் முடித்து, அடுத்த நாள் படையலுக்கான மடைப்பண்டம் வற்றாப்பளைக்குப் போகும்.

உப்புநீர் விளக்கின் கதை அந்தப் பக்கத்தில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும். மதுரையை எரித்துவிட்டு வந்த கண்ணகி, நந்திக்கடல் ஓரத்தில் மாடு மேய்த்த சிறுவர்களிடம் கிழவியாக வந்து பசிக்கிறது என்றாள். அவர்கள் பொங்கிக் கொடுத்தார்கள். பொழுதுபட்டதும் விளக்கு வைக்கச் சொன்னாள். எண்ணெய் இல்லையே ஆச்சி என்றார்கள். கடல்தண்ணியை விட்டு ஏற்றுங்கள் என்றாள், எரிந்தது. தலையில் பேன் பார்க்கச் சொன்னாள். மயிரை விலக்கினால் தலை முழுவதும் கண்கள். வைகாசித் திங்களில் வருவேன் என்று சொல்லிவிட்டு மறைந்துபோனாள்.

சின்ன வயதில் இதை அற்புதக் கதையாகத்தான் கேட்டேன். போர் முடிந்தபின் கேட்டால் வேறு மாதிரி இருக்கிறது. கட்டினவனை அரசன் விசாரணையில்லாமல் கொன்றுவிட்டான். ஒற்றைச் சிலம்போடு அரண்மனை வாசலில் நின்று நியாயம் கேட்டவள், ஊரையும் உறவையும் விட்டு நடந்து நடந்து களைத்து, பசியோடு வந்து உட்கார்ந்த இடம் நந்திக்கடல் கரை. 2009 இல் அதே நீரேரியைக் கழுத்தளவு தண்ணீரில் கடந்து வந்த பெண்களுக்கு இவள் யார் என்று யாரும் விளக்க வேண்டியதில்லை.

திங்கட்கிழமை விடியப்புறமே வற்றாப்பளை நிறைந்துவிட்டது. தூக்குக் காவடிகள் வந்துகொண்டே இருந்தன, பாற்செம்பு, கற்பூரச்சட்டி, அங்கப்பிரதட்சணை. வெயில் தலையைப் பிளந்தது. நல்லவேளை, வீதி நெடுகத் தாகசாந்திப் பந்தல். மோரும் சர்பத்தும் மாறி மாறிக் குடித்து எனக்கு வயிறு ஊதிவிட்டது. கச்சான் கடை, வளையல் கடை, ஐஸ்கிறீம் வான், தொலைந்துபோன பிள்ளைகளைப் பற்றிய ஒலிபெருக்கி அறிவிப்பு. "நீலச் சட்டை போட்ட தம்பி கோயில் அலுவலகத்தில நிக்கிறார், அம்மா வந்து கூட்டிக்கொண்டு போகவும்." அந்த அறிவிப்பு வரும்போதெல்லாம் பெரியம்மா காது கொடுத்துக் கேட்டார். நான் வேறு பக்கம் பார்த்தேன்.

வளந்து என்கிற பொங்கல் பானை ஏற்றிப் பொங்குவது இரவில். அதற்கு முன்னர் பகலில் பெரியம்மா அர்ச்சனைத் தட்டு வாங்கினார். தேங்காய், வெற்றிலை, பழம், ஒரு முழம் பூ. கூட்டத்தில் இடிபட்டு முன்னுக்குப் போய்த் தட்டை நீட்டியதும் பூசகர் தலை நிமிராமலே, "பேர், நட்சத்திரம்?" என்றார்.

பெரியம்மா அண்ணாவின் பெயரைச் சொன்னார். "அத்தம்" என்றார்.

பூசகர் அதைத் திருப்பிச் சொல்லி மந்திரத்தோடு சேர்த்து உள்ளே கொண்டுபோனார். எங்கே இருக்கிறார், என்ன வயது, இருக்கிறாரா என்று ஒரு கேள்வியும் இல்லை. உயிரோடு இருக்கிறவர்களுக்குச் செய்வதுதான் இந்த அர்ச்சனை. இறந்தவருக்கு மோட்ச அருச்சனை வேறு, மோட்ச விளக்கு வேறு. திருநீறும் பூவும் தட்டில் திரும்பி வந்தன. பெரியம்மா பூவை எடுத்துக் கண்ணில் ஒற்றி, மிச்சத்தைக் கடதாசியில் மடித்துக் கைப்பைக்குள் வைத்தார். வீட்டில் அவன் படத்தடியில் வைப்பாராம். "வந்தால் காட்டலாம், ஒவ்வொரு வருசமும் செய்தனான் எண்டு."

எனக்குத் தனிப்பட்ட முறையில் நம்பிக்கை இல்லை. சொல்லவும் மாட்டேன், அது என் வேலையும் இல்லை. ஆனால் நினைவுகூர்வதைப் பற்றி எழுதுகிறவர்கள் தூபி, சுடர், பட்டியல் என்று எண்ணும்போது இந்த அர்ச்சனைத் தட்டையும் சேர்க்கவேண்டும் என்று நினைக்கிறேன். வரிசையில் எனக்கு முன்னால் நின்ற இரண்டு அம்மாக்களும் பிள்ளைகளின் பெயரும் நட்சத்திரமும்தான் சொன்னார்கள். அவர்களில் எத்தனை பேரின் பிள்ளை வீட்டில் சாப்பாட்டுக்குக் காத்திருக்கிறான், எத்தனை பேரின் பிள்ளை பஸ்ஸில் ஏறியவன் என்று வரிசையில் நின்ற யாருக்கும் தெரியாது.

இரவு பொங்கல் பார்த்துவிட்டு, அடுத்த நாள் மாங்குளம் வழியாகத் திரும்பினோம். ஒட்டுசுட்டான் தான்தோன்றீஸ்வரரை வாசலோடு கும்பிட்டோம். முறிகண்டியில் பிள்ளையாருக்குத் தேங்காய் உடைத்துக் கச்சான் வாங்காமல் ஏ9இல் யார் போவார்கள்? கிளிநொச்சியில் பெரியம்மா கந்தசுவாமி கோயிலடியில் நிறுத்தச் சொன்னார். 2017 பெப்ரவரி 20 அன்று காணாமல் ஆக்கப்பட்டோரின் உறவினர்கள் போராட்டத்தைத் தொடங்கியது இந்தக் கோயில் வாசலில்தான். வவுனியாவும் முல்லைத்தீவும் அடுத்தடுத்துத் தொடர்ந்தன. தேங்காய் உடைத்தார்கள், தீச்சட்டி எடுத்தார்கள், மனு கொடுத்தார்கள். பந்தலில் இருந்த தாய்மாரில் பலர் பதில் தெரியாமலே இறந்துவிட்டார்கள். அவர்களின் படமும் இப்போது பிள்ளைகளின் படங்களோடு பதாகையில் வருகிறது. பெரியம்மா தனக்குத் தெரிந்த ஒருவரின் பெயரைச் சொல்லி விசாரித்தார். போன மாசிக்கு முதல் மோசம் போய்விட்டார் என்றார்கள்.

வானில் ஏறியபின் கொஞ்ச நேரம் பேசவில்லை. பரந்தன் தாண்டியதும், "ஆடி அமாவாசைக்கு முதல் திருநெல்வேலிச் சந்தையில காத்தோட்டிக்காய் வந்தால் எனக்கும் ரெண்டு வாங்கி வை" என்றார். தகப்பன் இல்லாதவர்கள் விரதமிருந்து, காத்தோட்டிக்காய் சமைத்துப் படைக்கிற நாள் அது.

"பெரியப்பாவுக்கு நீங்களோ விரதம் பிடிக்கிறது? பிள்ளையெல்லோ பிடிக்கவேணும்" என்று கேட்டேன்.

"ஓம், அவன்தான் பிடிக்கவேணும். அவன் வரும்வரைக்கும் நான் பிடிக்கிறன்" என்றார்.